படப்பெட்டி போனது, நடிகை போகவில்லை: ஐரோப்பியக் கலைப்பட நடிகை என்பவர் யார்?

ஒருவரை ‘ஐரோப்பியக் கலைப்பட நடிகை’ என்று சொல்லிவிட்டால் அதற்குமேல் விளக்கம் தேவையில்லை என்று நாம் நினைத்துக்கொள்கிறோம். மெதுவாக நகரும் கறுப்பு வெள்ளைப் படம், சன்னலோரம் பேசாமல் நிற்கும் பெண், எங்கோ ஒரு விழாவில் விருது, அதன்பின் பாரிசுக்கோ ரோமுக்கோ குடிபெயர்ந்து பல நாட்டு இயக்குநர்களோடு வேலை என்ற சித்திரம் தானாகவே வந்து நின்றுவிடுகிறது. இந்தச் சித்திரம் சிலருக்குப் பொருந்தும்; பலருக்குப் பொருந்தாது. குறிப்பாக, அந்த வகை சினிமாவின் மிகச் சிறந்த முகங்களில் ஒருவரான ஹங்கேரியின் மரி தொரோச்சிக்குக்குச் சற்றும் பொருந்தாது. அவர் பிரான்சின் கான் நகரத் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது பெற்றவர்; நூறுக்கும் மேற்பட்ட திரைப்பட, தொலைக்காட்சி வேடங்களில் நடித்தவர்; ஆனாலும் தம் தொழில் வாழ்க்கையை ஏறக்குறைய முழுவதும் சொந்த நாட்டிலேயே, சொந்த மொழியிலேயே நடத்தி முடித்தவர்.

உள்ளூரிலேயே இருந்த ஒருவர் எப்படி ஐரோப்பிய நடிகை ஆனார் என்ற கேள்விக்கு விடை தேடினால், கலைப்படம் என்ற ஏற்பாடு இயங்கும் விதமும் கூடவே புரிந்துவிடும். ஆகவே அவருடைய வாழ்க்கையைப் பிடித்துக்கொண்டே இந்த விளக்கத்தை எழுதுகிறேன்.

பெயரைப் பற்றி ஒரு குறிப்பு. ஹங்கேரியர்கள் குடும்பப் பெயரை முன்னால் எழுதுவார்கள். அங்கே அவர் தொரோச்சிக் மரி. நம்மூரில் தந்தை பெயரின் தலைப்பெழுத்து முன்னால் நிற்பதைப் பார்த்துப் பழகிய கண்ணுக்கு இது புதிதாகத் தோன்றாது. அவர் 1935 நவம்பர் 23 அன்று பிறந்த சிற்றூரின் பெயர் அவர்கள் வாயில் ‘பேய்’ என்றே ஒலிக்கும். அதைக் கேட்டு யாரும் மிரள வேண்டியதில்லை.

சிறுபத்திரிகையை நினைத்துக்கொள்ளுங்கள்

தமிழில் சிறுபத்திரிகை எழுத்தாளர் என்று ஒருவரைச் சொல்கிறோம். அவர் கடினமாக எழுதுவார் என்பதா அதன் பொருள்? எளிமையாக எழுதிய சிறுபத்திரிகைக்காரர்களும் உண்டு, சுற்றிவளைத்து எழுதிய வெகுஜனப் பத்திரிகைக்காரர்களும் உண்டு. இருவரையும் பிரிப்பது நடையைவிட, எழுத்து வாசகரை அடையும் வழிதான். ஒன்றில் கடையில் தொங்கும் இதழ், விற்பனை, விளம்பரம். மற்றொன்றில் சந்தா, நண்பர் வட்டம், கருத்தரங்கம், ஒரு விமர்சகரின் கட்டுரை, எப்போதாவது ஒரு பரிசு. முதல் வழியில் இந்த வாரம் எத்தனை பிரதி போனது என்பது கேள்வி. இரண்டாவது வழியில் யார் படித்தார்கள், படித்துவிட்டு யாரிடம் சொன்னார்கள் என்பதுதான் கேள்வி.

சினிமாவிலும் ஏறத்தாழ இதுவே நடக்கிறது. கலைப்படம் என்பதை இந்தக் கட்டுரைக்காக இப்படி வரையறுத்துக்கொள்வோம்: வசூலை மட்டும் நம்பாமல், அரசு நிதி, திரைப்பட விழா, விமர்சகர்கள், தனித் திரையரங்குகள் ஆகியவை சேர்ந்த ஒரு வழியில் பார்வையாளரை அடையும் படம். படம் மெதுவாக நகர்கிறதா, கறுப்பு வெள்ளையா, முடிவு சோகமா என்பவையெல்லாம் பின்னால் வரும் அடையாளங்கள். அவை இல்லாத கலைப்படங்கள் ஏராளம்.

இந்த ஒப்புமை ஓரிடத்தில் உடைந்துவிடும் என்பதையும் சொல்லிவிட வேண்டும். சிறுபத்திரிகை தன் ஊரிலேயே சிறியது. கலைப்படமோ, வெளிநாட்டில் சில நூறு பேர் பார்க்கும் அரிய பொருளாகவும் சொந்த நாட்டில் ஊரறிந்த படமாகவும் ஒரே நேரத்தில் இருக்க முடியும். தொரோச்சிக்கை முதலில் புகழின் வெளிச்சத்துக்குக் கொண்டுவந்த படம் அப்படிப்பட்டதுதான். ஹங்கேரியில் அது எல்லோருக்கும் தெரிந்த காதல் கதை.

காசு எங்கிருந்து வந்தது

ஹங்கேரியின் மக்கள்தொகை சுமார் ஒரு கோடி. அதன் மொழியோ சுற்றியுள்ள ஜெர்மானிய, ஸ்லாவிய, ருமேனிய மொழிகள் எதனோடும் உறவில்லாதது. ஃபின்னிஷும் எஸ்தோனியனும் தூரத்துச் சொந்தங்கள், அவ்வளவுதான். எல்லையைத் தாண்டினால் ஒரு வசனமும் யாருக்கும் புரியாது. இப்படிப்பட்ட நாட்டில் உள்ளூர் வசூலை மட்டும் வைத்துக்கொண்டு தொடர்ந்து தரமான படம் எடுப்பது நடக்கிற காரியமன்று.

1948-இல் ஹங்கேரியின் திரைப்படத் தொழில் அரசுடைமை ஆனது. அதன்பின் படத்துக்குப் பணம் போட்டதும், படப்பிடிப்புத் தளத்தை வைத்திருந்ததும், திரையரங்கை நடத்தியதும், எந்தப் படம் வெளிவரலாம் என்று முடிவு செய்ததும் அரசே. இதில் ஒரு நன்மையும் ஒரு தீமையும் பிரிக்க முடியாமல் ஒட்டிக்கொண்டிருந்தன. படம் ஓடாவிட்டாலும் இயக்குநர் தெருவுக்கு வந்துவிட மாட்டார். ஆனால் அதிகாரிக்குப் பிடிக்காவிட்டால் படமே வராது.

மேற்கு ஐரோப்பாவில் வேறு ஏற்பாடு. பிரான்சில் சந்தை இருந்தது. ஆனால் சந்தையில் தாக்குப்பிடிக்காத படங்களைக் காட்டுவதற்கென்றே தனித் திரையரங்குகளும் இருந்தன. அவை 1955-இல் ஒரு சங்கமாகவும் சேர்ந்தன. ஒரு ஹங்கேரியப் படம் பாரிசில் ஓடியது என்றால் பெரும்பாலும் அப்படிப்பட்ட அரங்கில்தான் ஓடியிருக்கும். கிழக்கில் படத்தை உருவாக்கும் பணம், மேற்கில் அதைக் காட்டும் அரங்கு. இரண்டுக்கும் நடுவே ஒரு வாசல் தேவைப்பட்டது. திரைப்பட விழா என்பது அந்த வாசல்.

இதுவரை பார்த்ததன் சாரம்: கலைப்படம் என்பது படத்தின் சாயலைக் குறிக்கும் சொல்லன்று, அது பயணப்படும் பாதையைக் குறிக்கும் சொல். ஹங்கேரியைப் பொறுத்தவரை அந்தப் பாதை அரசின் கருவூலத்தில் தொடங்கி விழாவின் வழியாக அயல்நாட்டுத் தனி அரங்குகளில் முடிந்தது.

1956, கான்: ஒரு மாணவியும் ஒரு குடைராட்டினமும்

விழாக்களைப் பற்றிய பெரிய தவறான எண்ணம், உலகில் உள்ள எல்லாப் படங்களையும் பார்த்துவிட்டு நடுவர்கள் சிறந்ததைப் பொறுக்கி எடுக்கிறார்கள் என்பது. கான் விழா 1946-இல் தொடங்கியது. அப்போதிலிருந்து 1970களின் தொடக்கம் வரை, போட்டிக்கு எந்தப் படத்தை அனுப்புவது என்பதை அந்தந்த நாடுகளே முடிவு செய்தன. விளையாட்டுப் போட்டிக்கு ஒரு நாடு தன் அணியை அனுப்புவது போன்றதுதான் இது. 1972-இல்தான் விழாவே நேரடியாகப் படங்களைத் தேர்ந்தெடுக்கும் முறை வந்தது. ஆகவே 1956-இல் ஒரு ஹங்கேரியப் படம் கானுக்குப் போயிற்று என்றால், புடாபெஸ்டில் ஓர் அலுவலகம் அதற்கு ஒப்புதல் கொடுத்திருக்கிறது என்று பொருள்.

அந்த ஆண்டு போனது சோல்தான் ஃபாப்ரி இயக்கிய ‘கொர்ஹிந்தா’. அந்தச் சொல்லுக்குக் குடைராட்டினம் என்று பொருள். கூட்டுப்பண்ணையை விட்டு வெளியேறி, நிலத்தை நிலத்தோடு சேர்ப்பதற்காக மகளை வசதியுள்ள ஒருவனுக்குக் கட்டிவைக்க நினைக்கும் விவசாயி; கூட்டுப்பண்ணையில் இருக்கும் இளைஞனை விரும்பும் மகள். கதையை மட்டும் கேட்டால் அரசியல் பாடம் போலத்தான் இருக்கும். கதைச் சுருக்கத்தை வைத்துக்கொண்டு ஒரு படத்தை எடை போட்டால் எப்படி ஏமாந்துபோவோம் என்பதற்கு இது நல்ல எடுத்துக்காட்டு.

சந்தைத் திடலில் சங்கிலிகளில் தொங்கும் நாற்காலிகளோடு ராட்டினம் சுழல்கிறது. காதலர் இருவரும் அதில் பறக்கிறார்கள். கேமராவும் அவர்களோடு சேர்ந்து சுழல்வதால் பின்னால் இருக்கும் ஊர், கூட்டம், வானம் எல்லாம் கோடுகளாகக் கரைந்து, அந்தப் பெண்ணின் முகம் மட்டும் திரையில் நிலையாக நிற்கிறது. பிறகு ஒரு கல்யாண வீட்டில், அவளை வேறொருவனுக்கு நிச்சயித்துவிட்ட நிலையில், இருவரும் ஊர் பார்க்க ஆடுகிறார்கள். ஆட்டம் வேகம் பிடிக்கப் பிடிக்க நமக்கு மீண்டும் ராட்டினத்தின் சுழற்சி வந்துவிடுகிறது. அந்தப் பெண் ஒரு வார்த்தை பேசவில்லை. ஆனால் கூடியிருந்த அத்தனை பேருக்கும் விஷயம் தெரிந்துவிடுகிறது, தகப்பனுக்கும்தான். அந்தப் பெண்ணாக நடித்த தொரோச்சிக் அப்போது புடாபெஸ்டின் நாடக, திரைப்படக் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்த மாணவி.

இந்தப் பயணத்தில் மொழி ஏன் தடையாகவில்லை என்பதற்கு விடை இந்த இரண்டு காட்சிகளில் இருக்கிறது. ஹங்கேரிய மொழியில் ஒரு சொல் தெரியாதவருக்கும் அவை முழுமையாகப் புரியும். அக்காலத்தில் விமர்சகராக மட்டுமே அறியப்பட்டிருந்த பிரான்சுவா த்ரூஃபோ படத்தையும் அந்த இளம் நடிகையையும் பாராட்டி எழுதினார். சிறந்த நடிகை விருது அந்த ஆண்டு அமெரிக்காவின் சூசன் ஹேவர்டுக்குப் போனது. சத்யஜித் ராயின் ‘பதேர் பாஞ்சாலி’ கானில் காட்டப்பட்டுச் சிறப்பு விருது பெற்றதும் இதே 1956-இல்தான். இரண்டு கிராமங்களின் கதைகள் ஒரே விழாவில், ஒரே வாசல் வழியாக நுழைந்தன.

அதே ஆண்டு அக்டோபர் 23 அன்று ஹங்கேரியில் புரட்சி வெடித்தது. நவம்பரில் சோவியத் படை அதை நசுக்கியது. எல்லை திறந்திருந்த அந்தச் சில வாரங்களில் ஏறத்தாழ 2 லட்சம் பேர் நாட்டைவிட்டு வெளியேறினார்கள். காதலனாக நடித்த இம்ரே ஷோஷ் அடுத்த ஆண்டு, தம் 27-ஆம் வயதில் இறந்துபோனார். தொரோச்சிக் படிப்பை முடித்து 1958-இல் புடாபெஸ்டின் தேசிய நாடக அரங்கில் சேர்ந்தார்.

மாதச் சம்பளம் வாங்கிய நட்சத்திரம்

பலருக்கு வியப்பாக இருக்கும் செய்தி இதுதான். கானில் பேசப்பட்ட முகம், அதன்பின் ஏறத்தாழ 20 ஆண்டுகள் ஒரு நாடக அரங்கின் நிரந்தர உறுப்பினராக மாதச் சம்பளத்துக்கு வேலை பார்த்தது. நிரந்தர நாடகக் குழு என்பது, ஒரே நடிகர் கூட்டத்தை ஆண்டு முழுவதும் வேலைக்கு வைத்துக்கொண்டு பல நாடகங்களை மாற்றி மாற்றி நடத்தும் ஏற்பாடு. இன்று ஷேக்ஸ்பியர், நாளை ஒரு ஹங்கேரிய நகைச்சுவை, மறுநாள் செகாவ் என்று போகும். ஒரு நாள் ராணியாக வந்தவர் மறுநாள் வேலைக்காரியாக வரலாம்.

திரைப்படம் இந்த வேலைக்கு நடுவே செருகப்பட்டது. நடிகைக்கு உள்ள கால்ஷீட்டை நாடக அரங்கின் அட்டவணைதான் தீர்மானித்தது. மேற்கத்திய நட்சத்திரம் ஒரு படம் தோற்றால் அடுத்த படம் கிடைக்குமா என்று அஞ்ச வேண்டும். இவருக்கு அந்த அச்சம் இல்லை. அழகியாகத் தோன்றியே ஆக வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. ஃபாப்ரியின் இயக்கத்தில் 1958-இல் வந்த ‘ஏதெஷ் அன்னா’ படத்தில், எசமானர்களின் நாகரிகமான கொடுமையில் மெல்ல மெல்ல மனிதத்தன்மை பறிபோகும் ஒரு வேலைக்காரப் பெண்ணாக அவர் நடித்தார். தெஜோ கோஸ்தோலான்யியின் புகழ்பெற்ற நாவலிலிருந்து வந்த கதை அது. 1959-இல் அதுவும் கானுக்குப் போனது. ஒரே நடிகை, ஒரே இயக்குநர், மூன்று ஆண்டு இடைவெளி. ஆனால் ராட்டினத்தில் பறந்த பெண்ணின் சாயல் அன்னாவிடம் துளியும் கிடையாது.

கலைப்பட நடிகை என்பவர் ஓர் இயக்குநரின் கற்பனைக்கு முகம் கொடுக்கும் அழகுப் பதுமை என்று எழுதுவோர் உண்டு. எனக்கு அந்தப் பேச்சில் உடன்பாடு இல்லை. ஒவ்வொரு மாலையும் 10 ஆண்டு, 20 ஆண்டு என்று மேடையேறிப் பழகிய ஒரு தொழிலாளியின் கைத்திறனை அது கண்ணுக்குத் தெரியாமல் ஆக்கிவிடுகிறது.

மருமகள் எழுதிய கடிதங்கள்

1956-க்குப் பின் வந்த யானோஷ் காதாரின் ஆட்சியில் பண்பாட்டுத் துறையை நெடுங்காலம் கையில் வைத்திருந்தவர் ட்யொர்ஜ் அட்செல். அவர் காலத்துக் கொள்கையை ஹங்கேரியர்கள் ‘மூன்று த’ என்று சொல்வார்கள். அவர்கள் மொழியில் மூன்று சொற்களும் ‘த’ ஓசையில் தொடங்கும்: ஆதரிக்கப்பட்டவை, பொறுத்துக்கொள்ளப்பட்டவை, தடுக்கப்பட்டவை. படைப்புகள் எல்லாம் இந்த மூன்று கூடைகளில் ஒன்றில் விழும். உலகம் இன்று கொண்டாடும் பல ஹங்கேரியப் படங்கள் நடுக் கூடையில் கிடந்தவை. முழு ஆதரவும் இல்லை, முழுத் தடையும் இல்லை. எங்கே கோடு இருக்கிறது என்பதும் எழுதி வைக்கப்படவில்லை. ஆகவே ஒரு விஷயத்தை நேராகச் சொல்லாமல் சொல்லும் கலை அங்கே கூர்மை பெற்றது.

காரோய் மக் இயக்கி 1971-இல் வந்த ‘செரெலெம்’ அந்தக் கலையின் உச்சம் என்று கருதுகிறேன். தலைப்புக்குக் காதல் என்று பொருள். திபோர் தேரியின் இரண்டு சிறுகதைகளைச் சேர்த்து உருவான படம். தேரி 1956 புரட்சிக்குப் பின் சிறைக்குப் போனவர். படத்தில் சிறையிலிருந்து வீடு திரும்பும் கணவனாக நடித்த இவான் தர்வஷும் புரட்சிக்குப் பின் உண்மையிலேயே சிறையிலிருந்தவர். படத்தை எடுக்க அனுமதி கிடைப்பதற்கு மக் ஆண்டுக்கணக்கில் காத்திருந்தார்.

கதை 1953-இல் நடக்கிறது. கணவன் அரசியல் கைதி. படுக்கையில் கிடக்கும் மாமியாருக்கு அது தெரியக் கூடாது. ஆகவே அவன் அமெரிக்காவில் பெரிய படம் எடுத்துக்கொண்டிருக்கிறான் என்று மருமகள் லூட்சா சொல்லிவைக்கிறாள். அவன் பெயரில் கடிதங்களும் எழுதுகிறாள். அந்தக் கடிதங்களில் அவனுடைய வெற்றி நாளுக்கு நாள் நம்ப முடியாத அளவுக்குப் பெரிதாகிக்கொண்டே போகிறது. லூட்சாவாக நடித்தவர் தொரோச்சிக்.

அந்தக் காட்சிகளில் நடிகைக்கு என்ன வேலை என்று சற்று நிதானமாக எண்ணிப் பாருங்கள். தானே எழுதிய கடிதத்தை மாமியார் பெருமையோடு சொல்லிக் காட்டுகிறாள். லூட்சா முதல்முறையாகக் கேட்பது போல மகிழ வேண்டும். கணவன் உயிரோடு இருக்கிறானா என்பதே அவளுக்கு உறுதியாகத் தெரியாது. வேலையும் பறிபோய்விட்டது. அதோடு, மகனின் நினைவில் திளைக்கும் கிழவியின் மீது எரிச்சலும் வருகிறது, பாசமும் வருகிறது. இத்தனையும் ஒரே முகத்தில், ஒரே நேரத்தில். பின்னணி இசை எழுந்து ‘இப்போது அழுங்கள்’ என்று நமக்குச் சொல்வதில்லை. கிழவிக்கு உண்மை தெரியுமா, தெரிந்தும் மருமகளுக்காக நடிக்கிறாளா என்பதையும் படம் திறந்தே விட்டுவிடுகிறது. மகன் விடுதலையாகி வீடு வந்து சேரும்போது தாய் உயிரோடு இல்லை.

கலைப்பட நடிப்பு என்று நாம் எதைச் சொல்கிறோமோ அதன் இயக்கம் இதுதான். சந்தைக்கான படம் பாத்திரத்தின் மனநிலையை வசனம், இசை, காட்சியமைப்பு ஆகிய மூன்றாலும் உறுதிசெய்துவிடும். நடிகர் அதற்கு உயிர் கொடுத்தால் போதும். கலைப்படம் அந்த ஊன்றுகோல்களைப் பெரும்பாலும் எடுத்துவிடுவதால், முடிவு செய்யும் பொறுப்பு பார்ப்பவர் தலையில் விழுகிறது. முடிவு செய்வதற்கு வேண்டிய சான்றுகளை நடிகையின் முகம் கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். ஆனால் தீர்ப்பைச் சொல்லிவிடக் கூடாது. ‘உணர்ச்சியே காட்டாமல் நிற்பது’ என்று கேலி செய்யப்படுவது, நன்றாகச் செய்யப்படும்போது, ஒன்றுக்கு மேற்பட்ட உணர்ச்சிகளைச் சேர்த்துக் காட்டுவதாகவே இருக்கிறது.

கானில் படத்துக்கு நடுவர் குழு விருது கிடைத்தது. தொரோச்சிக்கும், மாமியாராக நடித்த லிலி தர்வஷும் தனியாகப் பாராட்டப்பெற்றார்கள். லிலி தர்வஷின் கதை இங்கே முக்கியமானது. ஹங்கேரியில் பிறந்து, வியன்னாவில் நாடக இயக்குநர் மக்ஸ் ரைன்ஹார்ட்டின் நாடகங்களில் ஜெர்மன் மொழியில் புகழ்பெற்று, நாஜிகள் ஆஸ்திரியாவை விழுங்கியபின் அமெரிக்காவில் குடியேறி, அங்கே ஆங்கிலத்தில் நடிக்கப் பழகியவர் அவர். நாட்டை விட்டுப் போன நடிகைக்கு ஒவ்வொரு எல்லையிலும் புது மொழி காத்திருந்தது. அவருடைய திரை வாழ்வின் மிகச் சிறந்த வேடம், 70 வயதை நெருங்கும் நேரத்தில், அவர் விட்டுச்சென்ற ஊரில், தாய்மொழியில் கிடைத்தது.

சாரமாகச் சொன்னால், ஒரே அரசு பணமும் கொடுத்தது, வாயையும் கட்டியது. நேராகப் பேச முடியாத இடத்தில் முகம் பேசியது. அந்த முகம்தான் எல்லை தாண்டிப் போனது.

வெட்டவெளியில் எலக்ட்ரா

முகத்துக்கு இவ்வளவு இடம் கொடுத்துவிட்டேன். அதற்கு நேர்மாறான ஒரு படத்தையும் சொல்லாவிட்டால் நான் வரையும் சித்திரம் கோணலாகிவிடும். மிக்லோஷ் யாஞ்சோ நீள்காட்சிக்குப் பெயர்பெற்றவர். நீள்காட்சி என்பது வெட்டு இல்லாமல் பல நிமிடங்கள் தொடர்ந்து ஓடும் ஒரே படப்பிடிப்பு. அவருடைய ‘எலக்ட்ரா, என் அன்பே’ 1974-இல் வந்தது. சுமார் 70 நிமிடப் படம். மொத்தமே 12 நீள்காட்சிகள். சராசரியாக ஒவ்வொன்றும் 6 நிமிடத்தைத் தொடும். அந்தக் காலத்துக் கேமராவில் மாட்டும் 300 மீட்டர் பிலிம் சுருள் ஏறத்தாழ 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும் என்பதை நினைவில் வைத்துக்கொண்டால் இந்தக் கணக்கின் அருமை தெரியும்.

ஹங்கேரியின் சமவெளி, ஆடும் கூட்டம், ஓடும் குதிரைகள், தண்டவாளத்தில் ஊர்ந்து வரும் கேமரா. தந்தையைக் கொன்றவன் ஆளும் நாட்டில் நீதி கேட்டு நிற்கும் கிரேக்க இளவரசியாகத் தொரோச்சிக் இந்தக் கூட்டத்துக்கு நடுவே நடந்துகொண்டே பேசுகிறார். ஆறாவது நிமிடத்தில் யாரோ ஒருவர் கால் இடறினால் முதலிலிருந்து எல்லாம் மறுபடி. யாஞ்சோ படப்பிடிப்பின்போதே உரக்கக் கட்டளைகள் கொடுத்துக்கொண்டிருப்பார். ஒலி பின்னர் தனியாகச் சேர்க்கப்படும் என்பதால் அது இடையூறு ஆகவில்லை. முகத்தை நெருங்கிக் காட்டும் அண்மைக்காட்சியின் துணையும் இல்லை, படத்தொகுப்பின் துணையும் இல்லை. மேடையில் இரண்டு மணி நேரம் ஒரே மூச்சில் நிற்கத் தெரிந்தவருக்கு மட்டுமே இது கைவரும். மாதச் சம்பள நாடக வேலை இங்கே வந்து பலன் கொடுத்தது.

1976: ஒரு விருது, இரண்டு வழிகள்

1976-இல் கானின் சிறந்த நடிகை விருது இருவருக்குப் பகிர்ந்தளிக்கப்பட்டது. ஒருவர் தொரோச்சிக், படம் அவருடைய கணவர் ட்யூலா மார் இயக்கிய ‘தேரினே எங்கே?’. 19-ஆம் நூற்றாண்டில் ஹங்கேரிய மேடையின் முதல் பெரும் நட்சத்திரங்களில் ஒருவராக விளங்கிய தேரினே என்ற நடிகை, இளமை கழியும் பருவத்தில் மேடைக்கும் வீட்டுக்கும் நடுவே தவிப்பதைப் பற்றிய படம். மற்றவர் பிரான்சின் டொமினிக் சாண்டா. படம் இத்தாலியரான மௌரோ போலோன்யினி இயக்கிய ‘ஃபெர்ரமோந்தியின் சொத்து’. அந்த ஆண்டின் நடுவர் குழுத் தலைவர் அமெரிக்க நாடகாசிரியர் டென்னசி வில்லியம்ஸ். கலைப்பட நடிகை என்ற ஒரே பட்டத்தின் கீழ் எவ்வளவு வேறுபட்ட இரண்டு வாழ்க்கைகள் அடங்கும் என்பதை விளக்க இதைவிடப் பொருத்தமான மேடை அமையாது.

சாண்டா பிரான்சில் இயக்குநர் ரொபேர் பிரெஸ்ஸோனிடம் தொடங்கி, அடுத்த ஆண்டே இத்தாலியில் பெர்தொலூச்சி, டி சிகா ஆகியோரின் படங்களில் நடித்தவர். கட்டுரையின் தொடக்கத்தில் சொன்ன சித்திரம், பல நாடுகளில் வேலை செய்யும் நடிகை என்பது, இவருக்கே பொருந்தும். அதைச் சாத்தியமாக்கியவை இரண்டு.

முதலாவது, கூட்டுத் தயாரிப்பு. இரண்டு நாட்டுத் தயாரிப்பாளர்கள் பணத்தையும் கலைஞர்களையும் பங்கிட்டு ஒரு படம் எடுத்தால், அது இரண்டு நாட்டிலும் உள்நாட்டுப் படமாகக் கணக்கிடப்பட்டு இரண்டு அரசுகளின் சலுகைகளையும் பெறும். பிரான்சும் இத்தாலியும் 1940களின் இறுதியிலேயே இதற்கு உடன்படிக்கை செய்துகொண்டன. இப்படிப்பட்ட படத்தில் இரு நாட்டு நடிகர்களும் இருந்தாக வேண்டும். ஆகவே பிரெஞ்சு நடிகைக்கு இத்தாலியப் படத்தில் இடம் கிடைப்பது ரசனையால் மட்டும் நடந்ததன்று, கணக்கு வழக்காலும் நடந்தது.

இரண்டாவது, டப்பிங். படம் பிடித்தபின் தனியறையில் வசனத்தைப் பதிந்து உதட்டசைவோடு பொருத்துவது. இத்தாலியில் அக்காலத்தில் பெரும்பாலான படங்களுக்கு இதுவே நடைமுறை. நடிகர் எந்த மொழியில் வாயசைத்தாலும் திரையில் இத்தாலிய மொழி கேட்கும். ‘ஃபெர்ரமோந்தியின் சொத்து’ படத்தில் ரோம் நகரத்துக் கிழவராக நடித்தவர் மெக்சிகோவில் பிறந்த அமெரிக்க நடிகர் ஆண்டனி குயின். யாருக்கும் அது உறுத்தவில்லை. கதாநாயகிக்கு வேறொருவர் குரல் கொடுப்பதைப் பார்த்து வளர்ந்த தமிழ் ரசிகருக்கு இதை விளக்கத் தேவையில்லை.

தொரோச்சிக்கின் வழியில் இவை இரண்டும் பெரிதாகக் கிடையா. அவருடைய குரலை அவருடைய நடிப்பிலிருந்து பிரிக்கவும் முடியாது. சற்றே உடைந்த, குழந்தைத்தனமும் முதுமையும் கலந்த அந்தக் குரலை ஒருமுறை கேட்டவர் மறக்க மாட்டார். ஆகவே அவர் படங்கள் பெரும்பாலும் அடிவரியோடு, அதாவது திரையின் அடியில் ஓடும் மொழிபெயர்ப்போடு (சப்டைட்டில்), பயணித்தன. இந்தியாவிலும் திரைப்படச் சங்கங்களுக்குக் கிழக்கு ஐரோப்பியத் தூதரகங்கள் வழியாகப் படங்கள் வந்த காலம் ஒன்று உண்டு. இரும்புப் பெட்டியில் சுருள்கள் வரும், ஒரு மாலை காட்டப்படும், மறுநாள் பெட்டி அடுத்த ஊருக்குப் போகும். பார்த்தவர்கள் பேசுவார்கள். பெட்டிக்குக் கடவுச்சீட்டு எளிதாகக் கிடைத்தது. மனிதர்களுக்கு அவ்வளவு எளிதன்று.

இந்தப் பிரிவினையைக் கிழக்கு, மேற்கு என்று இறுகக் கட்டிவிடவும் கூடாது. சோசலிச நாடுகளுக்குள்ளேயே நடிகைகள் எல்லை தாண்டியதுண்டு. மக் 1982-இல் எடுத்த ‘ஒருவரையொருவர் பார்த்து’ என்ற ஹங்கேரியப் படத்தின் இரண்டு முதன்மைப் பெண் வேடங்களிலும் நடித்தவர்கள் போலந்து நடிகைகள்; திரையில் கேட்டது ஹங்கேரிய நடிகைகளின் குரல். அதில் நடித்த யாத்விகா யான்கோவ்ஸ்கா செஷ்லாக் கானில் சிறந்த நடிகை விருது பெற்றார். ஹங்கேரியப் படத்துக்காகப் பரிசு பெற்றதால் அவரை ஹங்கேரிய நடிகை என்று எழுதிவிடுகிறவர்களை அவ்வப்போது பார்க்கிறேன்.

அடகுச் சீட்டு

1989-இல் ஆட்சி மாறியது. அரசுப் பணம் குறைந்தது, எல்லை திறந்தது. இனி நடிகைகள் எங்கும் போகலாம் என்ற நிலை வந்தபோது தொரோச்சிக்குக்கு 54 வயது. அந்த ஆண்டே கோஸ்தா கவ்ராஸ் இயக்கிய அமெரிக்கப் படமான ‘மியூசிக் பாக்ஸ்’ வெளிவந்தது; அடுத்த ஆண்டு பெர்லின் விழாவில் அது தங்கக் கரடி விருதைப் பகிர்ந்துகொண்டது. சிகாகோவில் வாழும் ஹங்கேரியர் ஒருவர் போர்க் குற்றவாளி என்று குற்றம் சாட்டப்படுகிறார். வழக்கறிஞரான மகள் (நடித்தவர் ஜெசிகா லாங்) அவருக்காக வாதாடுகிறாள். சான்று தேடிப் புடாபெஸ்டுக்கு வரும் அவள், இறந்துபோன ஒருவனின் சகோதரியை ஒரு சிறிய குடியிருப்பில் சந்திக்கிறாள். அந்தச் சகோதரி தொரோச்சிக். மிகச் சிறிய வேடம். அவர் அந்த வழக்கறிஞரிடம் கொடுக்கும் ஓர் அடகுச் சீட்டுதான் படத்தின் முடிவைத் திறக்கும் சாவி. அப்போதும் அவர் எங்கும் போகவில்லை என்பதைக் கவனிக்கலாம். ஹாலிவுட்தான் புடாபெஸ்டுக்கு வந்தது.

2000-இல் ‘தேசத்தின் நடிகர்’ என்ற பட்டம் ஏற்படுத்தப்பட்டபோது அதைப் பெற்ற முதல் வரிசையில் அவரும் இருந்தார். 2017-இல், 81 வயதில், மார்த்தா மேசாரோஷ் இயக்கிய ‘வடதுருவ ஒளி’ படத்தில், மகளிடம் வாழ்நாள் முழுவதும் மறைத்த ஓர் உண்மையைச் சுமந்திருக்கும் தாயாக நடித்தார். 2021 ஏப்ரல் 16 அன்று மறைந்தார்.

அதே 2017-இல் ‘கொர்ஹிந்தா’ மீண்டும் கானுக்குப் போனது. பழைய படங்களுக்கான பிரிவில், புதுப்பிக்கப்பட்ட வடிவில், 61 ஆண்டுகளுக்குப் பின் அந்த ராட்டினம் அங்கே மறுபடி சுற்றியது. இம்முறை இரும்புப் பெட்டி தேவைப்படவில்லை. படம் ஓர் எண்ணிமக் கோப்பாக வந்திருந்தது.